நம்மாளு

கையில் மஞ்சள் வாசனை இன்னும் போகவில்லை. காலையில் செம்மண்டலத்தில் மாமா வீட்டில் உட்கார்ந்து, அவர் மகள் கல்யாணப் பத்திரிகைகளுக்கு மூலையில் மஞ்சள் தடவி, உறைமேல் பேர் எழுதிக்கொண்டிருந்தேன். மாமா சொல்லச் சொல்ல நான் எழுதினேன். சொந்தங்கள் முடிந்து தெரிந்தவர்கள் வந்தார்கள்.

"அப்பறம் ஒன் ஃபிரண்டு ஒருத்தன், குறிஞ்சிப்பாடிப் பையன், நம்மாளு. மழைல வந்து சாப்ட்டுப் போனானே. அவனுக்கும் ஒண்ணு போடு. பேரு என்னா?"

பேனா அப்படியே நின்றது. நீ செத்துப் பதினோரு மாதம் ஆகிறது. மாமாவிடம் நான் அதைச் சொல்லவில்லை. அதற்கு முன்பே சொல்லியிருக்க வேண்டிய ஒன்றையும் சொல்லவில்லை.

சிதம்பரத்தில் மொழியியல் வகுப்பில் நாம் ஏழு பேர். அரசு வேலைக்குப் படித்துக்கொண்டே கையோடு ஒரு பட்டமும் வாங்கிவிடலாம் என்று சேர்ந்தவன் நான். நீ மட்டும்தான் பாடத்தை விரும்பி வந்தவன். "ஃபேன் ஓடல" என்று ஒருவர் சொன்னால் அது தகவல் அல்ல, எழுந்து சுவிட்சைப் போடு என்கிற ஏவல். சொல்லும்போதே காரியம் நடந்துவிடுகிறது. வகுப்பில் இதைக் கேட்டுவிட்டு வெளியே டீக்கடையில் நீ சொன்னாய்: "இதுக்கு எதுக்கு மச்சான் புஸ்தகம்? எங்க ஊர்ப் பக்கம் வந்து நில்லு. 'ஊர்ல எங்க?'ன்னு கேப்பான் பாரு. எடமா கேக்கறான்?"

உன் ஆய்வே அதுதான் ஆனது. சாதி என்ற சொல்லை வாயில் எடுக்காமல் சாதியைக் கேட்கும் கேள்விகள். "அப்பா என்ன பண்றாரு?" "ஒங்களுக்குக் கொலதெய்வம் எது?" "ஒங்க தெருவுல யாரெல்லாம் இருக்காங்க?" பஸ்ஸில், சலூனில், கல்யாணப் பந்தியில் கேட்டதையெல்லாம் செல்போனில் சேர்த்து வைத்தாய். சிதம்பரத்தில் நாம் வாடகைக்கு அறை தேடியபோது வீட்டுக்காரர் உன்னிடம், "ஊர்ல எங்க தம்பி?" என்றார். "லொகேஷன் அனுப்பட்டுமா சார்?" என்றாய். அறை கிடைக்கவில்லை. தெரு முழுக்கச் சிரித்துக்கொண்டே வந்தோம். உன்னைவிட நான் ஜாஸ்தி சிரித்தேன். தனியாகப் போய்க் கேட்டால் எனக்கு அந்த அறை கிடைக்கும் என்று எனக்குத் தெரியும்.

பிறகு அந்த மழை நாள். கடலூரில் ஒரு வேலைக்குத் தேர்வு எழுதிவிட்டு வந்தால், திருப்பாதிரிப்புலியூர் பஸ் ஸ்டாண்டில் முழங்கால் தண்ணீர். "மாமா வீட்டுக்குப் போயிடலாம் வா மச்சான்" என்று உன்னை இழுத்துப்போனவன் நான்தான். அத்தை தலை துவட்டத் துண்டு கொடுத்தாள். சோறு போட்டு மீன்குழம்பு ஊற்றினாள். நீ முதல் வாய் எடுப்பதற்குள் மாமா கேட்டார்.

"தம்பிக்கு எந்த ஊரு?"

"குறிஞ்சிப்பாடிங்க."

"குறிஞ்சிப்பாடில எங்க?"

நீ நிமிர்ந்தாய். சொல்லப்போகிறாய் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. லொகேஷன் விளையாட்டெல்லாம் வீட்டுக்காரனிடம்தான். சோறு போட்டவரிடம் நீ நேராகத்தான் பேசுவாய். 'காலனி' என்று உன் வாயிலிருந்து வருவதற்குள் நான் முந்திக்கொண்டேன்.

"நம்மாளுதான் மாமா."

நண்பனையும் நம்மாளு என்பார்கள், கட்சிக்காரனையும் என்பார்கள். மாமா வீட்டில் அதற்கு ஒரே பொருள்தான். தெரிந்துதான் சொன்னேன்.

"அட, அத மொதல்லயே சொல்றதில்ல? ஏய், தம்பிக்கு இன்னும் ரெண்டு துண்டு வையி!" மாமா நாற்காலியை உன் பக்கம் நகர்த்திப் போட்டார். தன் ஆட்களோடு மட்டும் பேசும் பேச்சைத் தொடங்கினார். "இந்தக் காலனிக்காரனுங்க இருக்கானுங்களே, நாலு எழுத்து படிச்சிட்டாப் போதும், நம்மகிட்ட வந்து சரிக்குச் சமமா உக்காரணுங்கறானுங்க. என்ன தம்பி, ஒங்க ஊர்லயும் அப்படித்தான?"

நீ சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தாய். "ம்" என்றாய்.

மாமா முகத்துக்கு நேரே யாரையும் திட்டமாட்டார். நீ யாரென்று தெரிந்திருந்தால் அந்தப் பேச்சு உன் காதில் விழுந்தே இருக்காது. நான்தான் உன்னை உள்ளே உட்காரவைத்து உன்னையே திட்டவைத்தேன். அதற்கு 'ம்' கொட்டவும் வைத்தேன்.

சிதம்பரம் பஸ்ஸில் ஏறி ஆலப்பாக்கம் தாண்டியாயிற்று. நான்தான் ஆரம்பித்தேன். "மாமா பழைய ஆளு மச்சான். வம்பு வேணாம்னுதான் அப்படிச் சொன்னேன்."

"நான் நானா இருந்தா ஒங்க வூட்ல எனக்குச் சோறு கெடையாதுன்னு சொன்ன. அவரு சொல்லல. நீ சொன்ன."

"உடு மச்சான்."

நம் பக்கத்தில் சண்டை முடிவது இந்தச் சொல்லில்தான். அடிபட்டவன் 'உடு' என்றால் மன்னித்தாகிவிட்டது. அடித்த நான் அதைச் சொன்னேன். நீ தந்தால் மட்டுமே கிடைக்கக்கூடியதை நானே எடுத்துக்கொண்டேன்.

மறுநாள் வகுப்பு வாசலில், "வாங்க, சாப்ட்டீங்களா?" என்றாய். கிண்டல் என்று நினைத்தேன். ஒரு வாரம் ஆகியும் அந்த 'ங்க' போகவில்லை. "டேய், என்னடா இது புதுசா?" என்றேன். "மரியாததாங்க" என்றாய். மரியாதை கொடுத்தே ஒருவனைத் தள்ளி நிறுத்தலாம் என்று எனக்கு அதுவரை தெரியாது. மன்னிப்புக் கேட்க நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். பரீட்சை முடியட்டும், பொங்கல் போகட்டும் என்று தள்ளினேன். பிறகு பைபாஸில் ஒரு லாரி.

உன் வீட்டுக்கு நான் முதல்முறையாக வந்தது உன்னைத் தூக்கிய அன்றுதான். உன் அப்பா, அந்த நிலையிலும், எனக்கு டீ வாங்கிவரச் சொன்னார். "எந்த ஊரு தம்பி?" என்றார். "கடலூரு" என்றேன். கடலூரில் எங்கே என்று அவர் கேட்கவே இல்லை.

"என்னாடா, பேரு மறந்துட்டியா?" என்றார் மாமா.

"செத்துட்டான் மாமா. ஆக்சிடெண்டு."

துண்டால் வாயைப் பொத்திக்கொண்டார். "ஐயோ, நம்ம புள்ளடா! என்னா வயசு இருக்கும்!" கண் கலங்கியது. நடிப்பில்லை.

"நம்மாளு இல்ல மாமா. காலனி. அன்னிக்கு நான் பொய் சொன்னேன்."

அழுகை பாதியில் நின்றுவிட்டது. அப்படி ஒன்று நிற்கும் என்று நான் நினைத்ததில்லை. துண்டைத் தோளில் போட்டுக்கொண்டார். சமையலறைப் பக்கம் பார்த்துவிட்டு, "ஒங்க அத்தைக்குத் தெரிய வேணாம்" என்றார். பிறகு, "அடுத்த பேரு எழுது."

நான் எழுந்து போய் அத்தையிடம் சொன்னேன். அவள் அடுப்பைப் பார்த்தபடியே நின்றாள். "அதான் அந்தப் புள்ள ரெண்டாவது வாட்டி சோறு வாங்கவே இல்ல" என்றாள்.

இதை உன்னிடம் வீரமாகச் சொல்லவில்லை. உன் காதுக்கு எட்டாத இடத்தில் சொன்ன உண்மை உனக்கு எதையும் செய்யாது. அந்த மழை நாளில் எனக்குத் தைரியம்கூடத் தேவைப்படவில்லை. வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும், நீயே சொல்லியிருப்பாய். மாமா எழுந்து போயிருப்பார், அல்லது நம்மை எழுப்பியிருப்பார். நனைந்துகொண்டே பஸ் ஸ்டாண்டுக்கு நடந்திருப்போம், பசியோடு. நீ எதையாவது சொல்லிச் சிரிக்கவைத்திருப்பாய், என்னை 'டா' போட்டு.

அன்று உன் வாயிலிருந்து நான் பறித்த பதில் என்னிடம்தான் இருக்கிறது. திருப்பித் தர நீ இல்லை.