காகம் கடைசியில் நின்ற மரம்

நவம்பர் 12, புதன்

காலையிலிருந்து தூறல். கொடித் துணி காயவில்லை.

கண்புரையால் படம் தெரியாமல் முதல் பரிசை மாற்றிக் கொடுத்துவிட்டேன் என்று பள்ளியில் பேசிக்கொள்கிறார்களாம். பொய். புரை எடுத்தது போன வருஷமே. மாணவி முப்பிடாதி வரைந்த பரிணாம மரத்தை இரண்டு முறை படித்துப் பார்த்துத்தான் ஐம்பதுக்கு நாற்பத்தாறு போட்டேன். நாலு குறைத்ததும் தெரிந்துதான்: மார்ஜின் இல்லை, பென்சில் கோட்டை அழிக்கவில்லை. எங்கள் கான்வென்ட்டில் இதற்கே தாளைத் திருப்பித் தருவார்கள்.

அந்தப் பள்ளியின் அறிவியல் கண்காட்சிக்கு நடுவராக வரச்சொல்லி நானா கேட்டேன்? விலங்கியல் எடுத்து ஓய்வு பெற்றவள் என்று அவர்கள்தான் கூப்பிட்டார்கள்.

நவ. 13, வியாழன்

மழை இல்லை. பள்ளித் தாளாளர் வந்தார், ஒரு பை புளியங்குடி எலுமிச்சையோடு. முதல் பரிசை வேறொரு பிள்ளைக்கு மாற்றிய முடிவில் நான் கையெழுத்துப் போட வேண்டுமாம்.

"மனுசனக் கொண்டுபோய் தவளைக்கும் எலிக்கும் நடுவுல வச்சிருக்கா டீச்சர். காக்கா கடைசில ராசா மாதிரி நிக்கி. பெத்தவுக கேக்காக."

"பந்தியில பக்கத்து இலையில உக்காந்தவுக எல்லாம் ஒங்க பங்காளியா தம்பி?"

காப்பியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

பிள்ளை வரைந்த வரிசை: கெண்டை, தவளை, மனிதன், எலி, ஓணான், காகம். மனிதனும் எலியும் ஒரு கணுவில் பிரிகிற கிளைகள். ஓணானும் காகமும் ஒரு கணுவில். கணுவில் பிடித்துக் கிளையைத் திருப்பினால் வரிசை மாறும், உறவு மாறாது. கடைசியில் நிற்பதால் யாரும் உசத்தி இல்லை.

அவர்கள் பரிசு கொடுக்க நினைப்பது ஒரு தெர்மகோல் ஏணிக்கு. பல்பு வேறு. காகத்துக்கு மேல் எலி, எலிக்கு மேல் மனிதன். காகம் எலியைப் பெற்றது போல.

தாளாளர் கிளம்பும்போது வாசலில் நின்று கேட்டார்: "எங்க சயின்ஸ் சார் ஒண்ணு கேக்காரு. காக்காவுக்கும் எலிக்கும் இதயத்துல நாலு அறை. ஓணானுக்கு மூணு. பெறகு காக்கா எப்படி ஓணான் கூடச் சேரும்?"

கையெழுத்துப் போடவில்லை. எலுமிச்சையையும் திருப்பிக் கொடுத்தேன்.

நவ. 14, வெள்ளி

வெயில். துணி மடித்தாயிற்று.

அந்தக் கேள்வி நல்ல கேள்வி. அதுதான் எரிச்சல். உட்கார்ந்து எழுதிப் பார்த்தேன்.

காகம், எலி: நாலு அறை இதயம். சூடான ரத்தம்.
காகம், ஓணான்: காலில் செதில். வெள்ளை எச்சம். காதில் ஒற்றை எலும்பு.

ஒற்றை எலும்பு தவளைக்கும் உண்டு. அடித்துவிட்டேன். பழைய பாட்டனிடமிருந்து எல்லாருக்கும் வந்தது, யார் யாருக்கு நெருக்கம் என்று காட்டாது. மிச்சம் இரண்டுக்கு இரண்டு.

இதயத்தைத் திறந்து பார்க்காமல் தீராது.

வீட்டுக்காரர் இருந்தால், "போகட்டும் எஸ்தர்" என்றிருப்பார். போகட்டும் என்று விட அவருக்குத்தான் வரும்.

நவ. 15, சனி

கோழிக்கடை. காகத்துக்குப் பதில் கோழி போதும், பறவைதானே. வெட்டாமல் முழுசாகக் கேட்டேன்.

"எதுக்கு டீச்சரம்மா, பிரியாணியா?"

"இதயத்துல இருந்து போற பெரிய குழாய் எந்தப் பக்கம் வளையுதுன்னு பாக்கணும்."

"கோழி செத்துட்டு டீச்சரம்மா. இனி எந்தப் பக்கம் வளைஞ்சா அதுக்கென்ன?"

வரிசையில் நின்றவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். சிரிக்கட்டும்.

வீட்டில் நெஞ்சைப் பிளந்து பார்த்தேன். குழாய் வலப்பக்கம் வளைகிறது. எலிக்கு இடப்பக்கம், நமக்கும் அப்படியே. ஓணானுக்கு இரண்டு பக்கமும் உண்டு. ஒரே பாட்டன் கொடுத்த நாலு அறை என்றால் குழாய் ஒரே பக்கம் வளைந்திருக்க வேண்டும். இவை தனித்தனியே கட்டிக்கொண்டவை. ஆக, இதயம் காகத்தை எலியோடு சேர்க்காது. இப்போது எலிக்கு ஒன்று, ஓணானுக்கு இரண்டு. மரம் சரி. பிள்ளை சரி. நானும் சரி.

மதியம் குழம்பு. மிளகு கூடிப்போயிற்று.

நவ. 16, ஞாயிறு

கோயிலில் ஆராதனை முடிந்து மார்க்கெட். முருங்கைக்காய் முற்றல். முப்பிடாதியும் அவள் அம்மாவும் எதிரே வந்தார்கள். அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"பரிசும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம் டீச்சரம்மா. பிள்ள இன்னும் மூணு வருசம் அங்கனதான் படிக்கணும்."

"எம்மா, சும்மா இரி. டீச்சர், எந்த இடத்துல தப்புன்னு மட்டும் கேட்டுச் சொல்லுங்க."

"தப்பு இல்ல ஏட்டி."

"அத அவுக சொல்லட்டும்."

வீடு வரை வேறு நினைப்பு இல்லை. அம்மாவின் பயம் நியாயம். ஆனால் சரியாக வரைந்த பிள்ளை, தன் படத்தில் எங்கோ தப்பு என்று நினைத்துக்கொண்டே மூன்று வருஷம் அங்கே உட்கார வேண்டுமா?

நவ. 17, திங்கள்

மறுபடி மழை. குடை எடுத்துக்கொண்டு போய்ப் பள்ளி அலுவலகத்தில் கடிதத்தை நானே கொடுத்தேன். பிரதி இங்கே:

தாளாளர் அவர்களுக்கு,

நான் போட்ட மார்க்கை மாற்றவில்லை, மாற்றவும் மாட்டேன். இதயத்தைப் பற்றிய கேள்விக்கு விடையைப் படத்தோடு இணைத்திருக்கிறேன். முப்பிடாதியின் மரத்தில் எந்தக் கணு தவறு என்று உங்கள் ஆசிரியர் காட்டட்டும். நானே வந்து அவளிடம் சொல்கிறேன். காட்ட முடியாவிட்டால், தவறு எதுவும் இல்லை என்று அவள் பெயருக்கு எழுதுங்கள். இரண்டில் எதுவானாலும் வாயால் சொல்லி அனுப்ப வேண்டாம். எழுத்தில் பதில் தரவும்.