முதல் பஸ் உமக்கு

கைப்பையின் சிப் போய்விட்டது. புதுப் பைக்குச் சாமான்களை மாற்றுவோம் என்று எல்லாவற்றையும் மேசையில் கொட்டினேன். மருந்துத் துண்டு, அடையாள அட்டை, சீப்பு, கடைசியில் பொலித்தீன் உறைக்குள் நாலாக மடித்த உம்முடைய தாள். எத்தனை பை மாறினாலும் அதுவும் கூடவே மாறும். இந்த முறை மட்டும் கை நின்றுவிட்டது. உமக்கு முப்பத்தோராம் நாள் அந்தியேட்டி முடிந்து இன்றைக்கு எட்டு நாள். இனி இந்தத் தாள் ஆருக்கு என்று யோசித்தேன். கதிரையில் இருந்து கொஞ்ச நேரம் அழுதேன்.

"கண்ணனுக்கு இரவில மூச்சு முட்டு வரும், மருந்து அலுமாரியின் மேல்தட்டில. பாலில ஆடை இருக்கக்கூடாது. வெடிச் சத்தத்துக்குப் பயம், காதைப் பொத்திப் பிடிக்கவும். தகப்பனின் சவூதி நம்பர் பின்பக்கம்." இப்படியே அடிவரைக்கும் போகிறது. உம்முடைய எழுத்து கந்தோரில் கடிதம் எழுதுகிற மாதிரியே இருக்கிறது. பதறிப்போய் எழுதினது என்று ஒருவரும் சொல்லமாட்டார்கள்.

அப்போது கொழும்பு வெள்ளவத்தையில் ஒரே ஒழுங்கையில் பக்கத்துப் பக்கத்து மாடி நமக்கு. கோட்டையில் ஒரே கந்தோரில் வேலை. உம்முடைய மனுசன் சவூதியில். என்னுடைய மனுசன் வவுனியாவில், ஆமிப் பாஸ் கிடைத்தால் மாதத்தில் ஒருக்கா வருவார். பெற்ற தாய்மார் இரண்டு பேரும் யாழ்ப்பாணத்தில், சண்டையால் பாதை பூட்டு. விடிய நாலரைக்கு எழும்பிச் சமைத்து, பிள்ளைகளைப் பள்ளியில் விட்டுவிட்டு ஓடுவோம். பள்ளி விட்டால் உம்முடைய கண்ணனையும் என்னுடைய துளசியையும் கீழ்வீட்டு ராத்தா ஆறு மணி வரைக்கும் வைத்திருப்பா.

பஸ்களில் குண்டு வெடிக்கத் தொடங்கின காலம். ஒரு நாள் தேத்தண்ணி நேரம் நீர்தான் கதையைத் தொடங்கினீர்.

"இனி ரெண்டு பேரும் ஒரு பஸ்ஸில போகேலாது."

"ஏன், என்னோட இருக்க வெக்கமோ?"

"விசர்க் கதை கதையாதையும். எனக்கும் உமக்கும் ஒண்டா ஏதும் நடந்தால் ரெண்டு பிள்ளையளையும் ஆர் பாக்கிறது? ஒராள் மிஞ்ச வேணும்."

அன்றைக்கே நீர் உம்முடைய தாளை எழுதித் தந்தீர், நானும் ஒன்று எழுதித் தந்தேன். நீர் நேரத்துக்குப் போகிற ஆள், நான் எப்போதும் பிந்துகிற ஆள். ஆகவே முதல் பஸ் உமக்கு, அடுத்தது எனக்கு. பஸ் ஹோல்ட்டில் நின்று வாய் நோகக் கதைப்போம். நூறாம் நம்பர் பஸ் வந்ததும் கதை பாதியில் நிற்க, நீர் ஏறிப் போய்விடுவீர். மிச்சக் கதை கந்தோரில்.

ஒருக்கால் பின்னேரம் கொட்டுகிற மழை. துளசிக்குக் காய்ச்சல் என்று ராத்தா போன் எடுத்திருந்தா. நீர் ஏறின பஸ்ஸிலேயே நானும் பாய்ந்து ஏறிவிட்டேன். நீர் என்னைப் பார்த்தீர். அடுத்த ஹோல்ட்டில் இறங்கி மழைக்குள் நின்றீர். குடையும் இல்லை. எனக்கு வந்த ஆத்திரம் இப்போதும் நினைவிருக்கிறது. அவ்வளவு பெரிய ஆளோ இவ என்று நினைத்தேன். எனக்காகத்தான் நனைந்தீர் என்பது அந்த நேரம் மண்டையில் ஏறவில்லை. நான் உம்மோடு கதைப்பதை விட்டேன்.

ஒன்பதாவது நாள் கோட்டையில் குண்டு வெடித்தது. துளசிக்கு அம்மாள் கொப்புளம் போட்டிருந்ததால் நான் லீவு. ஜன்னல் அதிர்ந்தது, கொஞ்ச நேரத்தில் றேடியோ சொன்னது. கந்தோருக்கு எடுத்தால் லைன் இல்லை. துளசியை ராத்தாவிடம் விட்டுவிட்டுக் கண்ணனைப் பள்ளியிலிருந்து கூட்டிவர ஓடினேன். வழியெல்லாம் உம்மோடு கதைக்காத ஒன்பது நாளையும் எண்ணினேன்.

"அன்ரி, அம்மா எப்ப வருவா?" என்று அவன் கேட்டான்.

வந்திடுவா ராசா என்று சொல்ல வாய் எடுத்தேன். தாளின் கடைசி வரி முன்னுக்கு வந்தது: "நான் வரப் பிந்தினால் வருவா எண்டு பொய் சொல்லவேண்டாம். தெரிஞ்சதைச் சொல்லும்."

"எனக்குத் தெரியாது ராசா. தெரிஞ்ச உடன சொல்லுவன்."

அவன் அழவில்லை. வீட்டுக்கு வந்ததும் கேற்றடியில் போய் இருந்தான். பச்சைப் பிள்ளைக்கு இப்படிச் சொல்ல வைத்ததற்காக உம்மில் எரிச்சல் எரிச்சலாக வந்தது. உம்மைத் திட்டத்தானும் நீர் வரவேண்டும் என்று எல்லாத் தெய்வத்தையும் கூப்பிட்டேன்.

பொழுதுபடுகிற நேரம் நடந்தே வந்தீர். செருப்பு கையில், தலைமயிர் முழுக்கக் கண்ணாடித் தூள்.

"கண்ணன் சாப்பிட்டவனோ?" அதுதான் நீர் கேட்ட முதல் கேள்வி.

"உமக்கு வாய் இல்லையே? ஒரு சொல்லுச் சொல்லி அனுப்ப ஏலாதே?" என்று கத்தினேன். பிறகு உம்மை இருத்தி, தலையிலிருந்து கண்ணாடியை ஒவ்வொன்றாக எடுத்தேன். அந்த மழையைப் பற்றி நாங்கள் இருவரும் ஒருநாளும் கதைக்கவில்லை.

யுத்தம் முடிந்தது. பிள்ளைகள் வளர்ந்து வெளிநாடு போனார்கள். பென்ஷன் வரைக்கும், ஏன், பிறகு மாக்கெட்டுக்குப் போகும்போதும் முதல் பஸ் உமக்குத்தான். பார்க்கிறவர்கள் நாங்கள் கோபம் என்று நினைத்திருப்பார்கள்.

களுபோவில ஆஸ்பத்திரிக்கு உம்மை த்ரீவீலில் கொண்டுபோன அன்றைக்குத்தான் இவ்வளவு வருடத்துக்குப் பிறகு ஒரே வாகனத்தில் பக்கத்தில் இருந்தோம். உம்முடைய தோள் என்னில் சாய்ந்திருந்தது, பாரமே இல்லை.

"ஒண்டா ஏறிட்டம் என்ன?" என்றீர். "இனி ஆர் மிஞ்சிறது?"

"பேசாமல் இரும்" என்றேன். வேறு ஏதாவது நல்ல சொல்லாகச் சொல்லியிருக்கலாம்.

நாலு நாள் ஆஸ்பத்திரியில் இருந்தீர். கண்ணன் சிட்னியில் விமானம் ஏற முன்னம் எனக்கு எடுத்தான். "அன்ரி, நான் வருமட்டும் அம்மா இருப்பாவோ?" நீர் போய் அரை மணித்தியாலம். பிள்ளை நிம்மதியாகப் பறக்கட்டும், பிறகு சொல்லுங்கோ என்று பக்கத்தில் நின்றவர்கள் கையைக் காட்டினார்கள். நான் சொல்லிவிட்டேன். "இல்லை ராசா. அம்மா போயிட்டா." நரை விழுந்த ஆம்பிளை, போனுக்குள் குழறி அழுதான். காதைப் பொத்திப் பிடிக்கக்கூட எனக்குக் கை எட்டவில்லை.

தாளைப் புதுப் பைக்குள் முதலாவதாக வைத்தேன். பிறகு மாக்கெட்டுக்குப் போவோம் என்று ஹோல்ட்டுக்கு வந்தேன். நூறாம் நம்பர் வந்தது, சீற்றெல்லாம் வெறுமை. "நகின்ன அம்மே" என்று கொண்டக்டர் சிங்களத்தில் ஏறச் சொல்லிக் கூப்பிட்டான். நான் ஏறவில்லை. அது போகுமட்டும் பார்த்துவிட்டு, அடுத்ததுக்கு நின்றேன்.