அட்டையில் இல்லாத 'வா'

ரங்கூன், 1927 ஆவணி, வெள்ளி இரவு.

இன்றும் ஜப்பான் ஊமைப்படத்துக்குத் திரையோரம் நின்று தமிழில் கதை சொன்னேன். போன படத்தில் திருடனாக வந்த கிழவர் இதில் தகப்பன். கப்பலேறும் மகனிடம் வாயசைத்தார். பிறகு திரையில் வந்த வசன அட்டையில் ஜப்பான் எழுத்து. ஊகித்து, "போயிட்டு வாப்பா" என்றேன்.

"அண்ணே, திருடன் திருந்திட்டான்!" என்று தரை டிக்கெட்டில் ஒருத்தி கத்தினாள். ஒரே சிரிப்பு.

ஆட்டம் முடிந்ததும், தமிழ் பழகிய ஜப்பான் போட்டோக்கடைக்காரர் வந்தார். "அட்டையில 'போ' மட்டும் இருக்கு. 'வா' இல்லே."

வெறும் 'போ' என்று நம்மில் யார் வழியனுப்புவார்கள்? நாகப்பட்டினத்தில் என்னைக் கப்பலேற்றியபோது அப்பா "போயிட்டு வா" என்றார். பதினோரு வருஷமாயிற்று. அவர் கடிதமும் நின்றுவிட்டது.

அந்தக் கிழவரின் முகம் கண்ணைவிட்டுப் போகவில்லை. மகன் திரும்பமாட்டான் என்று தெரிந்த முகம்.

நாளையும் 'வா' சேர்த்துத்தான் சொல்வேன்.