சாமி அலமாரியில் ஒரு சோபிலா

தம்பி,

இன்று விடிந்ததும், அம்மா குளிக்கப் போன நேரத்தில், முதல் வேலையாகச் சாமி அலமாரியைத் திறந்து உன் குழலில் இருந்த குங்குமத்தைத் துடைத்தேன். நல்லெண்ணெய் வாசம் வந்தது. நீ போன பிறகு வெள்ளிக்கிழமைதோறும் அம்மாதான் அதற்கு எண்ணெய் பூசுகிறாள்.

உன் குழல் என்று எழுதிவிட்டேன். அது அந்தக் குரோவாசிய மாலுமியுடையது. அவன் நாட்டில் சண்டை நடந்த காலத்தில் அவன் கப்பல் பழுதாகி வெளிக்கடலில் நங்கூரமிட்டுக் கிடந்தது. மஞ்சள் காமாலையோடு கரையிறங்கியவனை, துறைமுகக் குமாஸ்தாவான நீ, கீழாநெல்லி கொடுக்கலாம் என்று நம் வீட்டுக்கே அழைத்து வந்தாய். உடம்பு தேறியதும் பையிலிருந்து குட்டி நாகசுரம் போன்ற ஒன்றை எடுத்து ஊதினான். பெயர் சோபிலா என்றான்.

"ஏலே, வாத்து கழுத்த நெரிச்ச மாதிரில்லா இருக்கு! நிறுத்தச் சொல்லுலே" என்று அம்மா அடுப்படியிலிருந்து கத்தினாள்.

உனக்குப் பட்டது வேறு. "ஒத்து இல்லாம ஊதுதான்க்கா, பாவம்" என்று கோயில் மேளக்காரரிடம் ஒத்துக் குழலை இரவல் வாங்கி வந்து, கன்னம் உப்ப ஒரே சுரத்தைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாய். அவன் வாசிப்பை நிறுத்திவிட்டுச் சிரித்தான். அவர்கள் தீவில் சோபிலா எப்போதும் ஜோடியாம். சின்னதை இவனும் பெரியதை இவன் அண்ணனும் ஊத, இரண்டும் வேறு வேறு சுரத்தில் சேர்ந்தே நகருமாம். "கூட நிற்க ஆள் வேண்டாம், கூட நடக்கத்தான் ஆள் வேண்டும்" என்றான், தட்டுத்தடுமாறிய ஆங்கிலத்தில். அந்த அண்ணன் சண்டையில் என்ன ஆனான் என்று அப்போது அவனுக்கே தெரியாது.

கப்பல் முழுகினாலும் இது முழுகக் கூடாது என்று உன்னிடம் விட்டுப் போனான். நீ தினமும் ஊதினாய். பிறகு உனக்கு டைபாய்டு வந்தது.

நேற்று அவன் வந்தான். நரைத்திருந்தான். உன்னைக் கேட்டான், சொன்னேன். பிறகு குழலைக் கேட்டான்.

"தர மாட்டேன்னு சொல்லுளா. எம்புள்ள மூச்சு அதுல இருக்கு" என்றாள் அம்மா.

அப்படியே ஆங்கிலத்தில் சொன்னேன். சரி என்று தலையாட்டினான். வாசலில் செருப்பை மாட்டும்போது, "அண்ணன் உயிரோடு இருக்கிறான். பெரியதைத் துடைத்து வைத்துக்கொண்டு காத்திருக்கிறான்" என்றான்.

"என்னளா சொல்லுதான்?"

"காப்பி நல்லா இருக்காம், அம்மா."

பிழைத்து வந்த இன்னொருத்தி பிள்ளையைப் பற்றி அம்மாவிடம் எப்படிச் சொல்வது?

அந்தக் குழலில் உன்னுடையது எது என்று காலையிலிருந்து பார்த்துக்கொண்டிருக்கிறேன். மரம் அவர்கள் ஊர் மரம். துளைகளின் விளிம்பு தேய்ந்தது அவன் விரலால். வாயில் வைத்து ஊதும் சீவாளி மட்டும் நீ நாணலில் சீவியது, அவனுடையது பிளந்துபோயிருந்தது. உன் உதடு பட்டு நுனி கறுத்திருக்கிறது. அம்மா சொல்லும் மூச்சு அதில்தான் இருக்க வேண்டும். வேறொன்று சீவிக்கொள்ள அவனுக்குத் தெரியும்.

நாளைக் காலை அவன் கப்பலுக்கு லாஞ்சுப் படகு புறப்படுமுன், சீவாளியைக் கழற்றி அம்மாவின் உள்ளங்கையில் வைப்பேன். அந்த அண்ணன் உயிரோடு இருப்பதையும் அப்போதே சொல்வேன். அவள் ஏசுவாள், அழுவாள். அவள் பார்க்கவே குழலை எடுத்துக்கொண்டு துறைமுகத்துக்குப் போவேன்.