மஞ்சள் சோழியைத் திரும்பப் பெற வேண்டும்

முகில் தவறாது நிற்க, வயல் வாடாது நிற்க, வழக்கு சாயாது நிற்க.

மேற்கே கருங்கல்மலையும் கிழக்கே உப்பங்கழியும் எல்லையாக ஏழூர்க்கும் நிழலாய் நின்று ஆளும் வேணாற்று நாட்டு வேந்தர், குன்றவாயில் கோநகரில் அரியணை வீற்றிருக்கும் பெருமாள் வானவிறலார் திருமுன்பு, அவர் தந்தைக்குத் தமக்கையும் சுழியம்பட்டினத்துத் துறைக்காவல் பூண்டவளுமான உலகமுழுதுடையாள் விடுக்கும் ஓலை. கோட்டையும் கொடியும், அரசியார் இருவரும், யானைச்சாலையும் குதிரைச்சாலையும் நலமே விளங்குக. இங்கே துறை நலமாக இல்லை.

வந்த கப்பல்களையும் விளைந்த உப்பையும் இவ்விடத்தில் சொல்லுவது மரபு. அவை நிற்க. இன்று வளர்பிறைப் பதின்மூன்றாம் நாள். நாளை மறுநாள் வெள்ளுவா, முழுநிலா நாள். அன்று உச்சிப்பொழுதில் கடல் ஏறும்போது, இத்துறையில் ஒருவன் வேந்தராகிய தேவரின் ஆணையால் மூழ்கிச் சாகப் போகிறான். தேவர் அவனைக் கண்டதில்லை, சாகச் சொன்னதும் இல்லை. ஆயினும் அதைத் தடுக்கத் தேவரைத் தவிர வேறொருவராலும் ஆகாது.

அவன் பெயர் பிட்டன். வலை பின்னுகிறவன், இருபத்தாறு வயது. சந்தைதோறும் தொங்கும் படச்சீலையில் சிரித்துக்கொண்டிருக்கிறானே, அந்த ஏவற்கூத்தன் இவன்தான். சீலையைப் பார்ப்பவர்கள் அடுத்து அவன் என்ன செய்யவேண்டும் என்று சொல்லுகிறார்கள். தங்களுக்குப் பிடித்த ஏவலின் பானையில் சோழி இடுகிறார்கள். ஏழூரிலும் எதற்குச் சோழி மிகுதியோ அதைப் பிட்டன் இங்கே செய்துகாட்டுகிறான். ஓவியன் குயிலன் அதை வரைகிறான், புதுச்சீலை மறுபடி ஏழூருக்கும் போகிறது.

தொடக்கத்தில் விளையாட்டாகத்தான் இருந்தது. மோர்ப்பானையைத் தலையில் வைத்துப் பாய்மரக் கயிற்றின்மேல் நடக்கச் சொன்னார்கள். நடந்தான், பாதியில் மோர் முழுவதும் தலையில் கவிழ்ந்தது. துறையே சிரித்தது. நானும் கண்ணில் நீர் வரச் சிரித்தேன். அடுத்த ஏவல், ஒரு பிடி மிளகை மென்று தண்ணீர் குடியாமல் பாட்டுப் பாடுவது. அந்தப் பானையில் நானும் ஒரு சோழி இட்டேன். இதைத் தேவரிடம் மறைக்கமாட்டேன். அதன்பின் செவ்வெறும்புக் கூட்டுக்குள் கை விடச் சொன்னார்கள். அதன்பின் கலங்கரை மாடத்து முதல் தட்டிலிருந்து மணலில் குதிக்கச் சொன்னார்கள். குதித்தான், வலக்கை ஒடிந்தது. ஒவ்வொரு சீலையும் போய்த் திரும்பும்போது முன்னதைவிடக் கொடிய ஏவலோடு திரும்பியது.

நேற்று அவன் மனைவி சேந்தி துறைக்காவல் மண்டபத்துக்கு வந்தாள். அவள் சொன்னதை அவள் வாய்ச்சொல்லாகவே பொறிக்கச் சொன்னேன். சந்தைப் பேச்சு அரச ஓலைக்கு ஆகாது என்று ஓலைநாயகம் மருதவாணர் எழுத்தாணியைக் கீழே வைத்தார். அவள் அழுததை நான் பட்டில் சுற்றி அனுப்பினால் அது கோநகரத்தில் கேட்காது என்று சொல்லி மறுபடி எடுக்க வைத்தேன்.

"அம்மா, படத்துல சிரிக்கிறாரே, அவரு யாரும்மா? எங்க வீட்டுல இருக்கறவரு சிரிச்சு மூணு மாசம் ஆச்சு. ஒடிஞ்ச கையோட கிடக்கறாரு, நான்தான் சோறு ஊட்டறேன். நேத்து மலைப்பக்கத்துலேருந்து ஒரு அம்மா வந்துச்சு, கூடை நிறையப் பலாச்சுளையோட. 'உன் புருசன் ரொம்பச் சந்தோசமான ஆளு, நீ குடுத்து வச்சவ'ன்னு என் கையைப் பிடிச்சுக்கிட்டு சொல்லுது. நான் என்னத்தைச் சொல்ல?"

குயிலனை அழைத்து, ஒடிந்த கையோடு கிடந்தவனைச் சிரிப்பதாக ஏன் வரைந்தாய் என்று கேட்டேன். அவன் தலையைச் சொறிந்துகொண்டு நின்றான்.

"நாச்சியாரே, ஏழு ஊருக்கு ஏழு சீலை, ரெண்டே நாள்ல போகணும். உடம்பைத்தான் கையால வரையறேன், முகத்துக்கு அச்சுக்கட்டை. மோர்ப்பானை கவிழ்ந்த அன்னிக்கி வெட்டுன அச்சு, அன்னிக்கி அவன் சிரிச்சுக்கிட்டிருந்தான். அப்புறம் கை ஒடிஞ்சா என்ன, காலு ஒடிஞ்சா என்ன, அதே சிரிப்புதான் விழும்."

கடலை எப்படி வரைவாய் என்றேன்.

"கடல்னா மூணு நீலக்கோடு, ஆளுக்கு இடுப்பு மட்டத்துல. எங்க குடும்பத்துல எல்லாரும் அப்படித்தான் போடுவோம். அதுக்கு மேல ஏத்துனா ஆளு மறைஞ்சிடுவான்ல? ஆளு தெரியலேன்னா சீலையை யாரு பார்ப்பா?"

இப்போது வந்திருக்கும் ஏவல், கருங்கல்மலை அடிவாரத்து ஊரார் சொன்னது. படகு கட்டும் தறியில் கட்டுண்டு, வெள்ளுவாக் கடல் ஏறி இறங்கும்வரை பிட்டன் நிற்கவேண்டுமாம். அவர்களைக் கொடியவர் என்று நான் எழுதவில்லை. கடலை அவர்கள் சீலையில் மட்டுமே கண்டவர்கள். இடுப்பளவு நீரில் சிரித்துக்கொண்டே நிற்பான், வெயிலுக்கு இதமாகக்கூட இருக்கும் என்று எண்ணிச் சோழி இட்டார்கள். மற்ற ஊராரும் அப்படியே இட்டார்கள்.

இந்த ஏவலைத் துறைக்காவல் அதிகாரத்தால் நானே நிறுத்தியிருப்பேன். ஆனால் கோநகரத்துப் பானையைக் கவிழ்த்தபோது உள்ளேயிருந்து ஒரு பிடி மஞ்சள் சோழி விழுந்தது.

அது எப்படி நேர்ந்திருக்கும் என்பது எனக்குத் தெரியும், நானும் அந்த அரண்மனையில் வளர்ந்தவள். தேவர் அரசியாரோடு மாடத்திலிருந்து சீலையைப் பார்த்து நகைத்திருப்பீர். விளையாட்டாக ஒரு பிடி சோழி அனுப்பச் சொல்லியிருப்பீர். அரண்மனைச் சரக்கறையிலிருந்து எது வெளியே போனாலும் மஞ்சள் நீரில் தோய்த்து அனுப்புவது வழக்கமாதலால், சேடி அதையும் தோய்த்திருப்பாள். குளம் வெட்டுவதா அணை கட்டுவதா என்று ஊரார் சோழி இட்டுத் தீர்த்த காலத்தில், மஞ்சள் விழுந்தால் அது அரச ஆணை, ஏற்றவன் மறுக்கலாகாது, எவரும் தடுக்கலாகாது என்று தேவரின் பாட்டனார் விதித்தார். இப்போது இருப்பது குளமும் இல்லை, அணையும் இல்லை. விதி மட்டும் அப்படியே இருக்கிறது.

ஊர்ச்சபையைக் கூட்டி வாதாடிப் பார்த்தேன். அரசர் விளையாட்டாக இட்டிருப்பார் என்றேன். சபைத்தலைவர் ஆய்ச்சாத்தனார் கைகூப்பிக்கொண்டே மறுத்தார்.

"விளையாட்டாப் போட்டாரா, நெசமாப் போட்டாரான்னு சோழியைக் கேக்கவா முடியும் நாச்சியாரே? மஞ்சள் விழுந்துட்டுது. தடுத்தா நாளைக்கி எங்க ஏழு பேரு தலையும் தறியில தொங்கும். நீங்க அத்தை, ஒங்களை விட்டுடுவாரு."

தறியைப் பிடுங்கச் சொன்னேன். என் காவலர்களே ஈட்டியோடு தறியைச் சுற்றி நிற்கிறார்கள், தேவரின் ஆணைக்குக் காவலாம். கடைசியில், ஒரு படகை ஆயத்தமாக வைத்துவிட்டு, பிட்டனிடமே போய் ஓடிவிடு என்றேன். ஒடிந்த கையை மடியில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தான்.

"எங்கம்மா ஓடறது? எந்த ஊருக்குப் போனாலும் சந்தையில என் மூஞ்சி தொங்குது, சிரிச்சுக்கிட்டு. வலை பின்னிக்கிட்டிருந்தப்ப பக்கத்து வீட்டுக்காரனுக்கே என் பேரு தெரியாது. இப்ப ராசாவே சோழி போட்டிருக்காரு. நான் ஓடிப்போனா, 'அட, இவ்வளவுதானா இவன்'னு சொல்லமாட்டாங்களா?"

நீர் எதுவரை ஏறும் என்று அவனுக்குத் தெரியுமா என்று கேட்டேன். கடலோரத்தில் பிறந்தவனிடம் அதைக் கேட்டிருக்கக் கூடாது.

"தெரியாம என்னம்மா? அந்தத் தறி என்னைவிட ஒரு முழம் உசரம். அதோட உச்சி வரைக்கும் சிப்பி ஒட்டியிருக்கு, பார்த்தீங்களா? சிப்பி தண்ணி ஏறாத எடத்துல ஒட்டாது." பிறகு தாழ்ந்த குரலில், "சேந்திகிட்ட மட்டும் சொல்லாதீங்க. நெஞ்சளவுதான் வரும்னு சொல்லி வச்சிருக்கேன்" என்றான்.

வானவிறலா, இனி உன்னைத் தேவர் என்று எழுத என்னால் ஆகவில்லை. மருதவாணர் முகம் சுளிக்கிறார், சுளிக்கட்டும். ஐந்து வயதில் உன் தந்தை உன்னை இத்துறைக்கு அனுப்பிவைத்தார். முதல் அலை உன் கழுத்துவரை வந்தபோது என் கூந்தலைப் பற்றிக்கொண்டு, "அத்தே, படத்துல கடல் சின்னதா இருந்துச்சே!" என்று வீறிட்டாய். நீ பிடுங்கிய இடம் மூன்று நாள் வலித்தது. வேணாற்று நாட்டில் அந்த மூன்று நீலக்கோடும் பொய் என்று கண்டு அலறிய முதல் ஆள் நீதான். அன்று நான் உன்னைத் தூக்கிவிட்டேன். இன்று அவனைத் தூக்க எனக்கு அதிகாரம் இல்லை, உனக்கு இருக்கிறது. எனக்குத் தெரிந்த எல்லாக் கதவையும் தட்டிவிட்டேன், மகனே. இனி உன் கதவு ஒன்றுதான்.

மஞ்சள் தோயாத ஒரே ஒரு வெள்ளைச் சோழி போதும். அதை உன் கணையாழி பதித்த ஓலையில் வைத்து, இட்டதைத் திரும்பப் பெற்றோம் என்று ஒரு வரி எழுதி அனுப்பு. சரக்கறை வழியாக அனுப்பாதே, அங்கே மறுபடியும் தோய்த்துவிடுவார்கள். உன் கையால் எடுத்துக் குதிரைவீரன் கையில் கொடு. இவ்வோலை நாளை விடியலில் உன்னிடம் வரும். அந்த நாழிகையிலேயே அவன் புறப்பட்டால் வெள்ளுவா நாள் காலை இங்கே சேருவான். உண்டு முடித்து அனுப்பலாம் என்று நீ இருந்தால், கடல் உனக்காகக் காத்திராது.

வெள்ளைச் சோழி வராவிட்டால் நான் செய்யப்போவதையும் அறிந்துகொள். பிட்டனைக் கட்டும் தறிக்குப் பக்கத்துத் தறி வெறுமையாக இருக்கிறது. மஞ்சள் ஆணை அவனைத் தடுப்பதைத்தான் விலக்குகிறது, அவனோடு நிற்பதை அது விலக்கவில்லை. சபையாரைக் கேட்டு உறுதிசெய்துகொண்டேன். உச்சிப்பொழுதில் என்னையும் அங்கே கட்டுவார்கள். என் முகத்துக்குக் குயிலனிடம் அச்சுக்கட்டை கிடையாது, கரையில் நின்று பார்த்துத்தான் அவன் வரையவேண்டும். நீர் எங்கே நிற்கிறதோ அங்கே கோடு போடவேண்டும் என்று துறைக்காவல் பெயரால் கட்டளையிட்டிருக்கிறேன். அடுத்த சீலை உன் மாடத்துக்கு எதிரே தொங்கும்போது அதில் நீலம் மட்டும் இருக்கும். யாரும் சோழி இடமாட்டார்கள்.

இதுவே விண்ணப்பம், இதுவே ஆணை. வேந்தர்க்கு விண்ணப்பம், என் தம்பி மகனுக்கு ஆணை.

இவ்வோலை கொண்டுவரும் இளவெயினனுக்கு: அரசர் அவையில் இருந்தாலும், உண்டாலும், உறங்கினாலும், போய் நின்ற அடியிலேயே அவர் கையில் கொடுத்து, வெள்ளைச் சோழி வாங்காமல் குதிரையைத் திருப்பாதே.

சுழியம்பட்டினத்து நண்டு இலச்சினை இட்டேன். அரக்கு ஆறுவதற்குக்கூடக் காத்திருக்கவில்லை, குறி கலைந்திருந்தால் பொறுக்க.

உலகமுழுதுடையாள் எழுத்து.