கமலம் பார்க்காத உதை

மே 4, திங்கள்

காலையில் குளிர். வெயில் வந்தும் சூடில்லை. கராஜ் கதவு கிரீச்சிடுகிறது, எண்ணெய் விடவேண்டும்.

மகன் ரூபனின் படங்களுக்குக் கண்காட்சி வைக்கிற பெட்டை போன் எடுத்தாள். தமிழ்ப் பிள்ளைதான், இங்கே பிறந்தது. "அங்கிள், ரூபன் அமெரிக்கா போனது எந்த இயர்? அவர் ரெண்டு விதமாச் சொல்றார்."

இலக்கத்தில் கேட்டால் எனக்கு வராது. நடந்ததைக் கேட்டால் தப்பாது. "மே மாதம் அங்க ஊரில சண்டை முடிஞ்சது பிள்ளை. செப்ரெம்பரில இங்க சிவப்புப் புழுதி வந்து சிட்னி முழுக்கச் செங்கல் நிறமாக் கிடந்தது. காயப்போட்ட உடுப்பெல்லாம் திரும்பத் தோய்ச்சது. அந்த ரெண்டுக்கும் நடுவில, ஜூலையில போனவன்."

எதையோ தட்டித் தேடுகிற சத்தம். "ஓகே அங்கிள், டூ தௌசண்ட் நைன்." அப்படியென்றால் அப்படித்தான்.

சனிக்கிழமை, பதினாறாம் தேதி திறப்பு. பரமட்டாவில், பழைய கடைக் கட்டடம் ஒன்றில். பதின்மூன்று படம் முடிந்து சுவரோடு சாய்ந்து நிற்கின்றன. பதின்மூன்றும் முதுகுகள். அமெரிக்காவில் ரூபனோடு கூட விளையாடினவர்கள் மைதானக் கரை வாங்குப் பலகையில் இருப்பதைப் பின்னால் இருந்து பார்த்த மாதிரி. "ஏன் தம்பி ஒருத்தருக்கும் முகமில்லை?" என்றேன். "நான் வெயிட் பண்ணின இடத்தில இருந்து முதுகுதான் அப்பா தெரியும்."

பதினாலாவதில்தான் முகங்கள். சிட்னி கிரவீனில் எங்கள் வீட்டு முன்னறை. ஞாயிற்றுக்கிழமை காலை. கொம்பியூட்டர் முன்னால் எல்லோரும் அவனுடைய அந்த நீள உதையைப் பார்க்கிறோம். அந்த நேரம் அவன் அமெரிக்காவில் உதைத்துக்கொண்டிருந்தவன், அறையைக் காணவில்லை. நான் சொல்லச் சொல்லக் கீறுகிறான். கொம்பியூட்டருக்குள் இருந்து எங்களைப் பார்க்கிற மாதிரி.

"அம்மாட முகம் மட்டும் வருதில்லை அப்பா. அந்தக் கிக் போகேக்க அவ என்ன செய்தவ?"

தேத்தண்ணி ஆறுது என்று சொல்லி உள்ளே வந்துவிட்டேன்.

அந்த உதையை இவன் தாய் கமலம் பார்க்கவில்லை. நாங்கள் ஒருவரும் பார்க்கவில்லை. பார்த்ததாகப் பொய் சொன்னோம். சேர்ந்து சொன்னவர்களில் பாக்கியமக்காவும் போன மாதம் போய்விட்டா.


மே 5, செவ்வாய்

மழைத்தூறல். பாக்கியமக்காவின் முப்பத்தோராம் நாள். நடந்தே போனேன், பக்கத்து வீடுதானே. பந்தியில் இரண்டு பேர்:

"சாம்பாருக்கு உப்புக் காணாது."

"மெதுவாச் சொல்லு. மனுசி படத்துக்குள்ள இருந்து எழும்பி வந்து போடும்."

உண்மை. உப்பு விஷயத்தில் விடமாட்டா.

வந்து எழுதுகிறேன். மூன்றாம் வகுப்போடு நின்ற எழுத்து. கமலம் இருந்தால் பிழையெல்லாம் சிவப்புப் பேனாவால் சுழிப்பாள்.

அன்றைக்கு அறையில் இருந்த விதம். பாக்கியமக்கா பச்சைப் பிளாஸ்ரிக் கதிரையில். கமலத்தின் தமையன் இராசலிங்கம் மச்சான் சோபாவில், கம்பளித் தொப்பி, இரண்டு சோடிக் காலுறை. நசீர் நானா நிலத்தில், இரவு முழுக்க ராக்சிக் கார் ஓடிவிட்டுப் பாணோடு வந்தவர், ஊர் மன்னார்ப் பக்கம். கமலம் எல்லோருக்கும் முன்னால் நின்றபடி. இருக்கமாட்டாள், இருந்தால் பிள்ளைக்கு ஆகாதாம்.

நான் யன்னலடியில். அப்போது நெட் வருவது கொம்பியூட்டரில் செருகுகிற ஒரு சின்னக் குச்சியில். வீட்டுக்குள் சிக்னல் இல்லை. நீள வயரில் கொழுவி யன்னலுக்கு வெளியே உயர்த்திப் பிடித்தால்தான் படம் ஓடும். நசீர் நானா கண்டுபிடித்த வழி. எனக்கு அதுதான் வேலை. பதினெட்டு வருசம் கவுன்சில் மைதானங்களில் வெள்ளைக் கோடு போட்ட தோள்.


மே 6, புதன்

கராஜ் கதவு எண்ணெய்
தோளுக்குப் பூசுகிற மருந்து
பாண், முட்டை, சீனி
ரூபனுக்கு வெள்ளை பெயின்ற் 2. (போன தடவை வாங்கினது வேறு வெள்ளையாம். வெள்ளையில் எத்தனை வெள்ளை! நான் பதினெட்டு வருசமும் ஒரே வெள்ளை.)

முகம் இன்னும் வெறுமையாக. துணி போட்டு மூடி வைத்திருக்கிறான்.


மே 7, வியாழன்

வெயில். நல்ல நாள்.

பெட்டை திரும்பவும். "அவர் எப்பிடி அங்கிள் கிக்கர் ஆனவர்?" சொன்னேன். அவள் எழுதியது பாதிதான் இருக்கும்.

இங்கத்தைய முட்டைப்பந்து விளையாடினவன். ஓட்டம் போதாது, ஆனால் உதைத்தால் பந்து மைதானத்துக்கு வெளியே கார்களில் விழும். மெல்பேணில் ஒரு பயிற்சிக்காரன், இப்படிக் காலுள்ள பெடியன்களைப் பிடித்து அமெரிக்கக் கல்லூரிகளுக்கு அனுப்புகிறவன். ஒரு வருசம் அவனிடம். சாப்பாடு ஒரு லெபனான் கடையில். பிறகு விமானம். படிப்புக் கல்லூரிச் செலவில். கால் போட்ட படிப்பு என்று மச்சான் சொல்வார்.

அந்த விளையாட்டு எனக்கு விளங்க மூன்று வருசம் எடுத்தது. தங்கள் ஆட்கள் பந்தோடு முன்னால் போக ஏலாமல் மறிபட்டு நிற்கும்போதுதான் இவனைக் கூப்பிடுவார்கள். வந்து, எவ்வளவு தூரம் ஏலுமோ அவ்வளவு தூரம் எதிர்ப்பக்கம் உதைத்துவிட்டு ஓடிப்போய் இருக்கவேண்டும். மூன்று மணித்தியால விளையாட்டில் இவனுக்கு ஐந்தாறு உதை. மிச்ச நேரம் காத்திருப்பு. அந்தக் காத்திருப்பில்தான் காலுக்குச் சுற்றுகிற வெள்ளை நாடாவில் பேனாவால் முதுகுகளைக் கீறத் தொடங்கினவன்.

நாலு வருசம் முடிய, பெரிய அணி ஒன்று மூன்று நாள் உதைக்கவைத்துப் பார்த்துவிட்டுக் கைகொடுத்து அனுப்பினது. வந்தான். களஞ்சியத்தில் பெட்டி அடுக்கினான். பெட்டி மூடிகளில் முதுகுகள். பிறகு பின்னேர ஓவிய வகுப்பு. முதல் படத்தை வெஸ்ட்மீட்டில் ஒரு பல்வைத்தியர் வாங்கி, நோயாளிகள் காத்திருக்கிற அறையில் மாட்டியிருக்கிறார்.

கமலம் இதொன்றும் காணவில்லை. உதை நடந்த அடுத்த குளிர்காலம் போனவள்.


மே 8, வெள்ளி

ஹரிஸ் பார்க் கடைத்தெரு. பஸ்ஸில் போய் நடந்தேன். இனிப்புக் கடை வாசலில் சனம். தேங்காய் பார்த்தேன், நல்ல முற்றல். இரண்டு வாங்கினேன்.

கமலத்தின் நேர்த்தி: ரூபன் ஒவ்வொரு முறை உதைக்கவும் முருகனுக்கு ஒரு தேங்காய். ஆகவே உதை கூடவேண்டும் என்று கும்பிடுவாள். "முருகா, பிள்ளைக்கு நிறைய உதை குடு." ஒருநாள் ஒன்பது உதை. ஒன்பது தேங்காய், முகமெல்லாம் சிரிப்பு. ஒன்பது தரம் உதைத்தால் ஒன்பது தரம் அணி மறிபட்டிருக்கிறது என்று அவளுக்குத் தெரியாது. நசீர் நானாவுக்குத் தெரியும். கோயில் வாசலில் என் காதுக்குள், "அண்ணே, அக்கா கும்பிடுறதை நிப்பாட்டினாத்தான் இவங்க வெல்லுவாங்க." சொல்லவில்லை. கமலத்துக்கு எப்படிச் சொல்வது? ரூபனும் போனில், "ஓம் அம்மா, இண்டைக்கு ஒன்பது!" என்றுதான்.

அவன் பொய் அது. எங்கள் பொய் வேறு. சொல்லாமல் விட்டால் என்ன? முகம் ஒன்றைச் சிரித்தபடி கீறு என்றால் கீறிவிடுவான். சனம் பார்த்து நல்லாயிருக்கு என்னும். ஆனால் அது கமலம் இல்லை. இவனுக்குச் சொல்லக்கூடாது என்று வாக்குக் கேட்டதும் அவள்தான்.

பஸ்ஸில் ஒரு தேங்காய் உருண்டு ஒரு சீனக் கிழவியின் காலடிக்குப் போனது. எடுத்துத் துடைத்துத் தந்தா.


மே 10, ஞாயிறு

மப்பு மந்தாரம். இன்றைக்கு அன்னையர் தினம், எல்லோர் கையிலும் செவ்வந்தி. நானும் ஒரு கட்டு. கமலத்தின் படத்துக்கு வைத்தேன்.

பத்து மணிக்குக் கராஜுக்குப் போனேன். ரூபன் துணியை எடுத்துவிட்டு வெறும் முகத்துக்கு முன்னால் இருந்தான்.

"தம்பி, அம்மா அந்த உதையைப் பார்க்கேல்லை."

திரும்பவில்லை. "தெரியும் அப்பா."

பெயின்ற் வாளி ஒன்றின் மேல் குந்தினேன்.

"போனில அம்மா சொன்னவ, பந்து நேராப் போய் விழுந்தது எண்டு. அது நேராப் போகேல்லை. சைட்டால உருண்டு வெளிய போனது. நித்திரை கொண்டிட்டா எண்டு நினைச்சன். விடியக் காலமை தானே. கேக்க விருப்பமில்லை." பிறகு, "அதாலதான் முகம் வருதில்லை போல. நித்திரை முகத்தை எப்பிடிக் கீறுறது?"

பதினாறு வருசமாக அப்படி நினைத்துக்கொண்டிருந்திருக்கிறான்!

"நித்திரையோ! ஆர் சொன்னது?" சத்தம் போட்டுவிட்டேன். பிறகு முழுக்கச் சொன்னேன்.

அன்றைக்கு விளையாட்டு ஆறரைக்குத் தொடங்கினது. கிட்டத்தட்ட மூன்று மணித்தியாலம் கை தூக்கினபடி நின்றேன். ரூபன் பந்தைக் கையில் வாங்குகிறான். கால் மேலே போகிறது. அந்த நேரம் தோள் பிடித்தது. கை தானாக இறங்கியது. படம் நின்றுவிட்டது. பந்தைக் காணவில்லை. இவன் மட்டும் ஒற்றைக்காலில், மற்றக் கால் தலைக்கு மேலே.

"நிண்டுபோச்சு!" என்று மச்சான்.

"எனக்கென்ன தெரியும், நான் பந்தையே ஒருநாளும் காணேல்லை. ஆளுக்கு மேல ஆள் விழுறாங்கள்," என்று பாக்கியமக்கா.

கையைத் திரும்பத் தூக்கினேன். வரவில்லை. நசீர் நானா எல்லாப் பொத்தானையும் அமத்தினார். வரவில்லை.

கமலம் முன்னால் போனாள். "ஐயோ, பிள்ளை எவ்வளவு நேரம் ஒற்றைக்காலில நிக்கும்? கால் உளையும்." உள்ளங்கையை விரித்துக் கொம்பியூட்டர் கண்ணாடியில் வைத்தாள், அவன் குதிக்காலுக்குக் கீழே. தாங்கிற மாதிரி. எல்லோரும் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள். ஆனால் கையை எடுக்கவில்லை. விளையாட்டு முடிந்து இவனுடைய போன் அடிக்கும்வரை எடுக்கவில்லை.

அடிக்கும்போதுதான் சொன்னாள், "ஒருத்தரும் வாய் திறக்கக்கூடாது. பார்த்தனாங்கள் எண்டு சொல்லவேணும். இவர் கை விட்டவர் எண்டு பிள்ளைக்குத் தெரியக்கூடாது."

"பொய் சொல்லச் சொல்றியோ?" மச்சான் கோயில் கணக்காளர்.

"ஓம் அண்ணை, சொல்லத்தான் சொல்றன்."

"சொல்லிருவோம் அக்கா, அல்லா மன்னிப்பான்," என்று நசீர் நானா.

இவ்வளவும் சொன்னேன். "என்ர கைதான் தம்பி. அவள் பார்க்காமல் போனது என்ர கையால."

ரூபன் முகத்தைத் துடைத்தான், கன்னத்தில் கரி. பிறகு கேட்டது:

"எந்தக் கை அப்பா? அம்மாட."

"வலது."

"காப்பு போட்டிருந்தவவோ?"

"ரெண்டு. ஒண்டு நெளிஞ்சது."

"விரல் விரிச்சோ, சேர்த்தோ?"

"சேர்த்து. தண்ணி ஏந்திற மாதிரி."

கீறுகிற கரித்துண்டை எடுத்துவிட்டான். நான் வெளியே வந்து தேங்காய் உடைத்தேன். ஒன்று நேராக இரண்டாகப் பிளந்தது. மற்றது சில்லம்சில்லம்.


மே 12, செவ்வாய்

காற்று. இலையெல்லாம் கராஜுக்குள்.

என்னை யன்னலடியில் நிற்கச் சொன்னான், கை தூக்கி. கையில் குச்சிக்குப் பதில் குசினிக் கரண்டி. பத்து நிமிசத்தில் தோள் கத்தினது.

"இந்த முறை இறக்காதேங்கோ அப்பா."

"போடா."

"அம்மா கும்பிட்டபடியால்தான் எங்கட டீம் தோத்தது. உங்கட கையால இல்லை."

அவனுக்கும் தெரிந்திருக்கிறது. இரண்டு பேரும் சிரித்ததில் கை இறங்கிவிட்டது. "அதுதான், அதுதான், அப்பிடியே நில்லுங்கோ!" என்று அந்தரப்பட்டுக் கீறினான். படத்தில் என் கை பாதி வழியில் நிற்கிறது. தூக்கினதுமில்லை, விழுந்ததுமில்லை.

படத்தில் வாசல் சட்டம் கொஞ்சம் கோணல். கோடு போட்டவன் கண்ணுக்குத் தெரியும். சொல்லவில்லை.


மே 15, வெள்ளி

மழை விட்டது. மு.ப. 9, வான் வந்து பதின்மூன்றையும் ஏற்றினது. பதினாலாவது பெரியது, இன்னும் ஈரம், கடைசியாகப் போகும்.

பார்த்தேன். கமலத்தின் உள்ளங்கைதான் முழுக்க. எங்கள் பக்கம் நீட்டினபடி, ரேகையெல்லாம் தெரிய. கைக்கு மேலால் பாதி முகம், சிரிக்கப்போகிற கண். அவள்தான்.

பெட்டை பேப்பரோடு வந்து நின்றாள். "அங்கிள், இதில இருக்கிற ஆக்களின்ர பேர் வேணும். இடமிருந்து வலமா. இருக்கினமா இல்லையா எண்டும் சொல்லுங்கோ, நாளைக்கு இன்வைற் பண்ணலாம்."

சொன்னேன்.

பச்சைக் கதிரையில் பாக்கியம். இல்லை.

தொப்பியோடு இராசலிங்கம். இல்லை.

நிலத்தில் நசீர். இல்லை.

கையை வைத்திருப்பது கமலம். இல்லை.

யன்னலடியில் செல்லத்துரை. இருக்கிறான்.