உங்கள் குரலைக் கேட்டேன்

அன்புள்ள என் வீட்டுக்காரர் சின்னதுரை அவர்களுக்கு,

கும்மிடிப்பூண்டியிலிருந்து மெர்சி எழுதுவது. ஆண்டவர் தயவில் நானும் நம் கிரேஸும் சுகமாக இருக்கிறோம். விசாகப்பட்டினம் துறைமுகத்தில் உங்களைப் பார்த்ததாக நம் தெரு பாக்கியராஜ் அண்ணன் வந்து சொன்ன பிறகுதான் எனக்குச் சோறு இறங்கியது. தாடி வளர்த்து, இளைத்துக் கிடக்கிறீர்களாம். போனை அணைத்தே வைத்திருப்பதால் இதை அவரிடமே கொடுத்து அனுப்புகிறேன். பாதியில் மடித்து வைத்துவிடாதீர்கள்.

முக்கியமானதை முதலில் சொல்லிவிடுகிறேன். சரவணன் செத்தது உங்களால் இல்லை. ஆறுதலுக்காகச் சொல்லவில்லை. இப்போது கம்பெனியில் எல்லாருக்கும் தெரியும். போலீசுக்கும் தெரியும்.

அப்பாவு பிழைத்துவிட்டார். கழுத்திலும் கையிலும் தோல் சுருங்கியிருக்கிறது, ஆனால் நன்றாக நடக்கிறார். ஆஸ்பத்திரியிலிருந்து வந்ததும் கம்பெனி கேட்டுக்குப் போய், "எங்கய்யா சின்னதுரை? என்னைத் தூக்கினு வந்த மனுசன் எங்க?" என்று கேட்டிருக்கிறார். "அவன் கிரேன்ல உக்காந்துகினு போன் பேசினதாலதான் இரும்புக் குழம்பு கொட்டிச்சு. சரவணன் செத்தான், நீ வெந்த. அவனைப் போய் தேடறியா?" என்றார்களாம். "போனா? பிரேக் புடிக்கலன்னு மேலேர்ந்து அந்தக் கத்து கத்தினானே! உங்களுக்கெல்லாம் இன்னா ஆச்சு?" என்று ஒவ்வொருத்தராகக் கேட்டும் யாருக்கும் ஞாபகமில்லை.

எல்லாரும் அந்த மெஷினில் உட்கார்ந்தவர்கள். அப்பாவு மட்டும் அப்போது ஆஸ்பத்திரியில் கிடந்தார்.

விபத்துக்குப் பிறகு, மனப்பாரம் குறையும் என்று கேன்டீனில் கொண்டுவந்து வைத்தார்களே, அதைத்தான் சொல்கிறேன். நடந்ததை ஒவ்வொருத்தரையும் சொல்லவைத்துப் பதிவு செய்தார்கள். பிறகு எல்லார் நெற்றியிலும் அந்த மெஷினின் பட்டையைக் கட்டி ஒன்றாக உட்காரவைத்தார்கள். நல்லா தூக்கம் வரும் என்றார்கள், வந்தது. எழுந்தபோது அத்தனை பேருக்கும் ஒரே ஞாபகம். கம்பெனிக்கு வேண்டிய ஞாபகம். உங்களுக்கும் அதுவே.

விபத்தன்று சட்டையெல்லாம் கரியோடு வந்து, "பிரேக் புடிக்கல மெர்சி, காலையிலேயே சூப்பர்வைசர்கிட்ட சொன்னேன்" என்று அழுதீர்கள். மெஷினில் உட்கார்ந்துவிட்டு வந்து, "நான் போன் பேசிக்கினு இருந்தேன், நான்தான் கொன்னுட்டேன்" என்றீர்கள். முன்பு சொன்னதை ஞாபகப்படுத்தினால், "உன் காதுல தப்பா வுழுந்திருக்கும்" என்றீர்கள். அந்தப் பழியோடு நீங்கள் வீட்டை விட்டுப் போன பிறகு, ஊரே ஒன்று சொல்லும்போது நான் ஒருத்தி எப்படிச் சரியாக இருப்பேன் என்று எனக்கே சந்தேகம் வந்துவிட்டது. அப்பாவு நம் வீட்டுக்கு வந்து, நான் வாயைத் திறக்கும் முன்பே அதே பிரேக் கதையைச் சொன்னார். அடுப்பை அணைக்கக்கூடத் தோன்றாமல் உட்கார்ந்து அழுதேன். நான் பைத்தியமில்லை என்று தெரிந்ததே எனக்குப் பெரிய விடுதலை.

இரண்டு பேரும் போய் விசாரணை அதிகாரி அம்மாவிடம் சொன்னோம். அவர் மெஷினுக்குச் சீல் வைத்து, வெளியிலிருந்து ஆள் கூட்டிவந்து திறந்து பார்த்தார். அது ஆட்களின் ஞாபகத்தை மாற்றியதே தவிர, முதலில் பதிந்த குரல்களை அழிக்கவில்லை. எல்லாரையும் ஒரு கல்யாண மண்டபத்துக்கு வரவழைத்து, அந்தக் குரல்களைப் போட்டுக் காட்டினார். குடும்பத்தாரும் போயிருந்தோம்.

மெஷினில் உட்கார்ந்த பிறகு எபினேசர் அண்ணன் உங்களைப் பார்த்தாலே தெருவின் அந்தப் பக்கம் போவாரே, அவருடைய குரல் முதலில் வந்தது. "பிரேக் கதை காலையிலேயே தெரியும் சார். இந்த ஒரு தடவை உருக்கி ஊத்தி முடியட்டும்னு சூப்பர்வைசர்தான் சொன்னாரு." அதைக் கேட்டதும், "இது என் குரல், ஆனா நான் சொன்ன ஞாபகம் இல்லையே" என்று சின்னப் பிள்ளை மாதிரி பக்கத்தில் இருந்தவர் முகத்தைப் பார்த்தார். பிறகு ஒவ்வொருத்தராகத் தலை குனிந்தார்கள்.

கடைசியில் உங்கள் குரல். திணறித் திணறிப் பேசியிருந்தீர்கள். குழம்பு சாய்ந்தபோது சரவணன் ஓடியிருக்கலாம், ஓடாமல் அப்பாவுவைப் பின்னாலிருந்து தள்ளிவிட்டான் என்றும், நீங்கள் ஏணியில் இறங்கி வந்து அப்பாவுவைத் தூக்கியபோது, "அவரைப் பாருண்ணா" என்பதுதான் அவன் கடைசியாகச் சொன்னது என்றும் சொல்லியிருந்தீர்கள்.

சரவணன் பெண்சாதி திலகவதிக்கு அதுவரை இது எதுவும் தெரியாது. பின்னாலிருந்து தள்ளியது யார் என்று அப்பாவுவுக்கே தெரியாது, மற்றவர்கள் தலையிலும் மிச்சமில்லாதபோது அவளுக்கு யார் சொல்வார்கள்? தண்ணீர்க் குழாயில் என்னைக் கண்டால் குடத்தை எடுத்துக்கொண்டு போய்விடுவாள். அன்று மண்டபத்தில் எழுந்து வந்து என் மடியில் தலையை வைத்துக்கொண்டாள். "என் வூட்டுக்காரர் சும்மா சாவலக்கா, ஒரு உயிரைக் காப்பாத்திட்டுத்தான் போயிருக்காரு. அதையும் புடுங்கிக்கினாங்களே" என்றாள். அவளைத் தட்டிக்கொடுத்துக்கொண்டே இருந்தேன்.

சூப்பர்வைசரும் மேனேஜரும் இப்போது ஜெயிலில் இருக்கிறார்கள். அதே மெஷினால் பழைய ஞாபகத்தைத் திருப்பி வைக்க முடியுமாம், யாருக்கு வேண்டும் என்று அதிகாரி அம்மா கேட்டார். ஒரு கைகூட உயரவில்லை. "காதால கேட்டுட்டோம், அதுவே போதும். இனிமே யாரும் எங்க தலையில கை வைக்க வேணாம்" என்றார் எபினேசர் அண்ணன். எனக்கும் அதுதான் சரியாகப் பட்டது. நீங்களும் அதில் உட்கார வேண்டாம். உங்கள் குரலை மட்டும் ஒருமுறை வந்து கேளுங்கள்.

கிரேஸ் பத்தாம் வகுப்பு பாஸ் செய்துவிட்டாள். பொன்னேரியில் சேர்த்திருக்கிறேன், ரயிலில் போய் வருகிறாள். பள்ளிக்கூடத்தில் அப்பாவைப் பற்றிப் பேசினவர்களுக்கு இப்போது நேராக நின்று பதில் சொல்கிறாள். மழைக்கு முன்னால் கூரைத் தகடு இரண்டை மாற்ற வேண்டும், அது ஒன்றும் அவசரமில்லை. வேலைக்குத் திரும்ப வரச்சொல்லிக் கம்பெனியிலிருந்து ஆள் வந்தார். அதை நீங்கள் வந்து முடிவு செய்யுங்கள். அந்தக் கிரேனில் மறுபடி ஏற வேண்டாம் என்று தோன்றினால் எனக்கும் சம்மதமே.

இவ்வளவு சொன்ன பிறகும் உங்கள் மனது, போன் பேசியது நான்தான் என்று சொல்லும். கண்ணை மூடினால் அந்தப் பொய்தான் வரும் என்று எபினேசர் அண்ணனும் சொல்கிறார். வரட்டும். அது வரும்போது பக்கத்தில் நான் இருக்க வேண்டும், அவ்வளவுதான் கேட்கிறேன். கடலோரத்தில் தனியாக நிற்காதீர்கள். பாக்கியராஜ் அண்ணனை விட்டுப் பிரியாமல், அவரோடேயே ரயில் ஏறிவிடுங்கள்.

நீங்கள் வண்டி ஏறி, எங்கள் கண்ணில் படும்வரை ஆண்டவர் உங்கள் கையைப் பிடித்திருக்கட்டும்.

உங்கள் வரவுக்குக் காத்திருக்கும்,
மெர்சி